லிட்டில் ரிச்சர்டின் முதல் இசைத்தட்டும் அரை சென்ட் கணக்கும்

பதிவு கொஞ்சம் நீளம். ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டுக்குப் பிறகு நிதானமாகப் படியுங்கள்.

ராக் அண்ட் ரோல் என்றதும் நம்மில் பலருக்கு எல்விஸ் பிரெஸ்லி ஒருவர்தான் நினைவுக்கு வருவார். அவர் காலத்திலேயே அந்த இசைக்கு அஸ்திவாரம் போட்ட கறுப்பினக் கலைஞர்கள் பலர் உண்டு. அவர்களில் ஒருவர் லிட்டில் ரிச்சர்ட். 1957 மார்ச்சில் வெளிவந்த அவருடைய முதல் எல்.பி. இசைத்தட்டின் பெயர் 'ஹியர்ஸ் லிட்டில் ரிச்சர்ட்'. 'இதோ லிட்டில் ரிச்சர்ட்' என்று பொருள். மொத்தம் 12 பாடல்கள். முழுவதையும் கேட்க அரை மணி நேரம்கூட ஆகாது. ஆனால் அதன் பின்னால் இருக்கும் கதை பெரியது. பாட்டு யாருடையது, அதன் பலன் யாருக்குப் போனது என்பதுதான் அந்தக் கதை.

இயற்பெயர் ரிச்சர்ட் வெய்ன் பென்னிமன். அமெரிக்காவின் தென்பகுதியில் ஜார்ஜியா மாநிலத்து மேக்கன் நகரில் 1932 டிசம்பர் 5 அன்று பிறந்தவர். வீட்டில் 12 பிள்ளைகள். தந்தை தேவாலயத்தில் பொறுப்பில் இருந்தவர். அவரே திருட்டுச் சாராயமும் விற்றவர். இந்த இரண்டு உலகங்களும் பிள்ளைக்குள்ளும் கடைசி வரை மல்லுக்கட்டின.

சிறுவயதில் தேவாலயப் பாட்டுதான் அவருக்குப் பாடசாலை. 14 வயதில், மேக்கன் நகர அரங்குக்குப் பாட வந்த புகழ்பெற்ற பாடகி சிஸ்டர் ரோசெட்டா தார்ப் இவர் குரலைக் கேட்டு மேடையில் பாட வைத்தார். கையில் காசும் கொடுத்தார். அன்றிலிருந்து பாட்டுதான் தொழில் என்று பையன் முடிவு கட்டிவிட்டான்.

1951, 1952 ஆண்டுகளில் ஆர்.சி.ஏ. விக்டர் நிறுவனத்துக்குச் சில பாடல்கள் பாடினார். எடுபடவில்லை. 1952-இல் தந்தை சுட்டுக் கொல்லப்பட்டார். குடும்பத்தைக் காப்பாற்ற மேக்கன் கிரேஹவுண்ட் பஸ் நிலைய உணவகத்தில் பாத்திரம் கழுவும் வேலைக்குப் போனார். அடுத்து பீக்காக் என்ற நிறுவனத்துக்குப் பாடினார். அதுவும் கைகொடுக்கவில்லை.

1955-இன் தொடக்கத்தில், சக பாடகர் லாயிட் பிரைஸ் சொன்ன யோசனைப்படி லாஸ் ஏஞ்சல்ஸில் இருந்த ஸ்பெஷால்டி ரெக்கார்ட்ஸ் நிறுவனத்துக்குத் தன் பாட்டைப் பதிவு செய்து ஒரு டேப் அனுப்பினார். அதன் முதலாளி ஆர்ட் ரூப். பெரிய கம்பெனிகள் கறுப்பினக் கலைஞர்களை ஓரமாக வைத்திருந்த காலத்தில் அவர்களுடைய தேவாலயப் பாட்டையும் புளூஸ் இசையையும் நம்பிப் பதிவு செய்தவர். இதையும் சொல்லிவிட வேண்டும். கணக்கு என்று வந்தால் இரண்டு பக்கமும் எழுத வேண்டும் அல்லவா?

பல மாதம் கழித்துத்தான் அழைப்பு வந்தது. 1955 செப்டம்பரில் நியூ ஆர்லியன்ஸ் நகரில் ஒலிப்பதிவு. ரூப் அனுப்பிய தயாரிப்பாளர் பம்ப்ஸ் பிளாக்வெல். இடம், கோசிமோ மடாசா என்பவர் நடத்திய ஜே அண்ட் எம் ஸ்டுடியோ. ஒரு கடையின் பின்பக்கத்தில் இருந்த சின்ன அறை அது. வாத்தியக்காரர்களோ அந்த நகரத்திலேயே முதல் வரிசைக்காரர்கள். டிரம்ஸ் ஏர்ல் பாமர். சாக்சபோன் லீ ஆலனும் ஆல்வின் டைலரும்.

முதலில் பாடியவை சுமாராகவே அமைந்தன. குரலில் இருந்த நெருப்பு டேப்பில் ஏறவில்லை. பிளாக்வெல் சோர்ந்துபோனார். இடைவேளையில் எல்லோரும் டியூ டிராப் இன் என்ற விடுதிக்குப் போனார்கள். அங்கே ஒரு பியானோ இருந்தது. கேட்க ஆட்களும் இருந்தார்கள். ரிச்சர்ட் பியானோவில் உட்கார்ந்து, இரவு விடுதிகளில் தான் பாடிவந்த ஒரு பாட்டை எடுத்து விளாசினார். தொடக்கமே பொருளில்லாத அசைகளின் அடுக்கு. நம் ஊரில் மிருதங்கக்காரர் வாயால் சொல்லும் சொற்கட்டைப் போல, டிரம்ஸ் எழுப்பும் சத்தத்தை வாயால் சொல்வது. பிளாக்வெல் நிமிர்ந்து உட்கார்ந்தார். தேடியது கிடைத்துவிட்டது.

அதுதான் 'டூட்டி ஃப்ரூட்டி'. பேக்கரி கேக்கிலும் பன்னிலும் சிவப்பும் பச்சையுமாக வருமே, அதே பெயர்தான். 'எல்லாப் பழங்களும்' என்பதற்கான இத்தாலியச் சொல்.

ஒரே ஒரு சிக்கல். பாட்டின் வரிகள் படு ஆபாசம். வானொலியில் போட முடியாது. பாட்டெழுத வாய்ப்புக் கேட்டு வந்துகொண்டிருந்த டொரத்தி லபோஸ்ட்ரி என்ற இளம்பெண்ணை அழைத்து வரிகளை மாற்றச் சொன்னார் பிளாக்வெல். அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்த்து அந்த வரிகளைப் பாட வெட்கப்பட்டு, சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டு ரிச்சர்ட் பாடினாராம். இது பிளாக்வெல் பின்னாளில் சொன்ன கதை. பாட்டு முழுவதும் தன்னுடையதே என்று லபோஸ்ட்ரி பிற்காலத்தில் சொன்னார். பாட்டு யாருடையது என்ற கேள்வி அங்கேயே தொடங்கிவிட்டது.

புதிய வரிகள் வந்து சேர்ந்தபோது ஸ்டுடியோ நேரம் முடிய கால் மணி நேரம்தான் இருந்தது. பியானோ வாசிக்க வந்திருந்தவருக்குச் சொல்லிக் கொடுக்க அவகாசம் இல்லாததால் ரிச்சர்டே வாசித்துக்கொண்டு பாடினார். அந்த அவசரத்தில் பிறந்ததுதான், பின்னால் உலகமே தலையில் தூக்கி வைத்துக்கொண்ட இரண்டரை நிமிடப் பாட்டு.

அந்தப் பதிவில் என்ன புதுமை? இசை தெரிந்தவர்களுக்காக ஒரு சின்ன விளக்கம். அன்றைய ரிதம் அண்ட் புளூஸ் பாட்டுகளில் தாளம் பெரும்பாலும் 'ஷஃபில்' நடையில் போகும். ஓர் அடியை மூன்றாகப் பிரித்து, நீளமும் குட்டையுமாகத் தட்டுவது. நம் கணக்கில் சொன்னால் திஸ்ர நடையின் சாயல். ரிச்சர்டின் வலது கையோ பியானோவில் எல்லாத் தட்டையும் சம அளவில், சுத்தியல் அடிப்பதுபோல அடித்துக்கொண்டே போனது. அதாவது சதுஸ்ரப் பக்கம். அந்தக் கைக்கு ஈடுகொடுக்கவே தானும் ஷஃபிலை விட்டுச் சம அடிக்கு மாற வேண்டியிருந்தது என்று டிரம்ஸ் வாசித்த ஏர்ல் பாமர் பின்னாளில் சொல்லியிருக்கிறார். இன்று உலகம் முழுவதும் ராக் இசையில் கேட்கும் அந்தச் சம அடி நிலைபெற்றதில் இந்தச் சின்ன அறைக்கு முக்கியப் பங்கு உண்டு.

பாட்டு 1955-இன் இறுதியில் வெளிவந்தது. அதே டிசம்பர் 1 அன்றுதான் அலபாமா மாநிலத்தின் மாண்ட்கோமரி நகரில், பஸ்ஸில் வெள்ளைக்காரருக்கு இருக்கையை விட்டுத்தர மறுத்ததற்காக ரோசா பார்க்ஸ் கைது செய்யப்பட்டார். பள்ளிக்கூடம், பஸ், உணவகம், நடனக்கூடம் எல்லாவற்றிலும் கறுப்பருக்குத் தனி இடம், வெள்ளையருக்குத் தனி இடம். பாட்டுக்கும் அப்படித்தான். விற்பனைப் பட்டியலே இரண்டு. கறுப்பின மக்கள் வாங்குவதைக் கணக்கெடுக்க 'ரிதம் அண்ட் புளூஸ்' பட்டியல், மற்றதற்கு 'பாப்' பட்டியல். 1949 வரை முதல் பட்டியலுக்குப் பெயரே 'ரேஸ் ரெக்கார்ட்ஸ்', அதாவது இனப் பாடல்கள்!

'டூட்டி ஃப்ரூட்டி' முதல் பட்டியலில் 2-ஆம் இடம் வரை ஏறியது. பாப் பட்டியலில் 17-ஆம் இடம். ஆனால் அதே பாட்டை பேட் பூன் என்ற வெள்ளை இளைஞர் பாடி வெளியிட்டார். படிய வாரிய தலை, அடக்கமான குரல். அவருடைய பதிவு 12-ஆம் இடம் வரை போனது. அசலைவிட நகலுக்கு உயர்ந்த இடம்!

அடுத்த பாட்டான 'லாங் டால் சாலி'யில் பிளாக்வெல் ஒரு தந்திரம் செய்தார். பூனின் வாய் ஈடுகொடுக்க முடியாத வேகத்தில் பாட வேண்டும் என்று ரிச்சர்டைப் பழக்கினார். பூன் அதையும் விடாமல் பாடினார். ஆனால் இந்த முறை ரிச்சர்ட் 6-ஆம் இடம், பூன் 8-ஆம் இடம். பிள்ளைகள் அசலைத் தேடத் தொடங்கிவிட்டார்கள். வெள்ளைக்காரப் பிள்ளைகள் பூனின் ரெக்கார்டை மேசை மேல் வைத்துக்கொண்டு, தன்னுடையதை இழுப்பறைக்குள் ஒளித்து வைத்திருந்தார்கள் என்று ரிச்சர்ட் பிற்காலத்தில் சிரித்துக்கொண்டே சொல்வதுண்டு.

இப்போது எல்.பி. இசைத்தட்டுக்கு வருவோம். அந்தக் காலத்தில் இளைஞர்கள் வாங்கியது பக்கத்துக்கு ஒரு பாட்டு இருக்கும் சின்னத் தட்டைத்தான். விலை ஒரு டாலருக்கும் குறைவு. 12 அங்குல எல்.பி. ஏறக்குறைய 4 டாலர். அது சம்பாதிக்கும் பெரியவர்கள் வாங்கும் பொருள். ராக் அண்ட் ரோல் பாடகருக்கு எல்.பி. போடுவது என்றால், 'இவர் நாளைக்கும் நிற்பார்' என்று கம்பெனி நம்புவதாக அர்த்தம்.

எல்விஸ் பிரெஸ்லிக்கு அந்த நம்பிக்கை 1956 மார்ச்சிலேயே கிடைத்தது. அவருடைய முதல் எல்.பி. பாப் பட்டியலில் முதலிடம் பிடித்தது. 10 வாரம் அங்கேயே இருந்தது. அதில் ஒரு பாட்டு 'டூட்டி ஃப்ரூட்டி'. அதே ஆண்டு அக்டோபரில் வந்த எல்விஸின் இரண்டாவது எல்.பி.யில் 'லாங் டால் சாலி', 'ரிப் இட் அப்', 'ரெடி டெடி' ஆகிய மூன்றும் இருந்தன. ரிச்சர்டின் இந்த நான்கு பாடல்களும் எல்விஸ் குரலில் எல்.பி. ஏறிய பிறகுதான் ரிச்சர்டின் குரலில் எல்.பி. ஏறின. எல்விஸ் மேல் குறை சொல்ல இதை எழுதவில்லை. அவர் அந்தப் பாடல்களை விரும்பிப் பாடினார், சட்டப்படியே பாடினார். வரிசையைக் கவனியுங்கள் என்பதற்காகச் சொல்கிறேன்.

ஒருவழியாக 1957 மார்ச்சில் ரிச்சர்டின் எல்.பி. வந்தது. அட்டை முழுக்க அவர் முகம்தான். வாய் திறந்திருக்கிறது, முகத்தில் வியர்வை. கறுப்புப் பாடகரின் முகத்தை அட்டையில் போடாமல் தவிர்த்த கம்பெனிகள் இருந்த காலத்தில், ஸ்பெஷால்டி அந்த முகத்தையே அட்டை நிறையப் போட்டது. அந்தத் துணிச்சலையும் ரூப் பக்கத்துக் கணக்கில் எழுத வேண்டும். 12 பாடல்களில் சரிபாதி ஏற்கெனவே சின்னத் தட்டுகளில் வந்தவை. இருந்தாலும் சேர்த்துக் கேட்கும்போது ஒரு முழு மனிதன் தெரிகிறான். 'ஜென்னி ஜென்னி'யில் மூச்சு வாங்காத ஓட்டம். 'மிஸ் ஆன்' பாட்டில் தேவாலயத்தில் கற்ற உருக்கம். சரளமாகப் பாடிக்கொண்டே போய்த் திடீரென்று உச்சத்தில் ஒரு கூவல் விடுவாரே, அதைப் பிற்காலத்தில் பீட்டில்ஸ் குழுவின் பால் மெக்கார்ட்னி வரை எத்தனையோ பேர் பழகிக்கொண்டார்கள். எல்.பி. பாப் பட்டியலில் 13-ஆம் இடம் வரை சென்றது.

சரி, காசு எங்கே போனது? கணக்குப் பாடத்துக்கு வருவோம்.

அமெரிக்காவில் 1909-இல் வந்த பதிப்புரிமைச் சட்டப்படி, ஒரு பாட்டு ஒருமுறை பதிவாகி வெளிவந்துவிட்டால், அதன்பின் யார் வேண்டுமானாலும் பாடிப் பதிவு செய்யலாம். அனுமதி வேண்டியதில்லை. ஒரு தட்டுக்கு 2 சென்ட் கொடுத்தால் போதும். அந்த 2 சென்ட் பாட்டின் உரிமை யாரிடம் இருக்கிறதோ அவருக்குப் போகும். பாடியவரின் குரலுக்கு, அவர் கண்டுபிடித்த நடைக்கு, அந்தக் கூவலுக்கு எந்தப் பாதுகாப்பும் கிடையாது. ஒலிப்பதிவுக்கு என்று தேசிய அளவில் பதிப்புரிமை வந்ததே 1972-இல்தான். வானொலியில் ஒரு பாட்டு ஒலித்தால் எழுதியவருக்குப் பங்கு உண்டு. பாடியவருக்கு அங்கே இன்று வரை இல்லை.

ஆக, சட்டம் காப்பாற்றியது காகிதத்தை. தொண்டையை அல்ல. அந்தக் காகிதம் யாரிடம் இருந்தது? பாட்டின் வெளியீட்டு உரிமை ஆர்ட் ரூபின் சொந்த நிறுவனமான வெனிஸ் மியூசிக்கிடம் போயிருந்தது. பூன் பாடினாலும் எல்விஸ் பாடினாலும் அந்தப் பணம் முதலில் அங்கேதான் போய்ச் சேரும்.

ரிச்சர்டுக்கு என்ன கிடைத்தது? தட்டு ஒன்றுக்கு அரை சென்ட் என்று அவர் பின்னாளில் சொன்னார். ஒரு டாலருக்கு 100 சென்ட். அப்படியானால் 1 டாலர் சம்பாதிக்க எத்தனை தட்டு விற்க வேண்டும்? மனக்கணக்காகப் போடுங்கள் பார்க்கலாம். 200 தட்டு! 10 லட்சம் தட்டு விற்றால் 5,000 டாலர். இதில் ஏமாற்று என்று சட்டம் பிடிக்கக்கூடியது எதுவும் இல்லை. அன்றைய சின்னக் கம்பெனிகளின் ஒப்பந்தங்கள் பல இப்படித்தான் இருந்தன. பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த 22 வயதுப் பையனுக்குப் பாட வாய்ப்புக் கிடைத்ததே பெரிது. அந்த இடத்தில் பேனாவை நீட்டினால் யார்தான் நிதானமாகப் படித்துப் பார்ப்பார்கள்?

எல்.பி. வந்த ஏழாவது மாதம் இன்னொரு திருப்பம். 1957 அக்டோபரில் ஆஸ்திரேலியாவில் சுற்றுப்பயணம். புகழின் உச்சி. சோவியத் யூனியன் ஸ்புட்னிக் செயற்கைக்கோளை விண்ணில் ஏவிய நேரம் அது. வானத்தில் கண்ட நெருப்பை இறைவனின் எச்சரிக்கையாக எடுத்துக்கொண்டு, பாட்டை விட்டு ஊழியத்துக்குப் போகிறேன் என்று அறிவித்தார். சந்தேகப்பட்ட சக வாத்தியக்காரருக்கு மெய்ப்பிக்க, விலையுயர்ந்த மோதிரத்தைக் கழற்றித் தண்ணீரில் எறிந்தார். ஊர் திரும்பி, அலபாமாவின் ஹன்ட்ஸ்வில் நகரில் ஓக்வுட் கல்லூரியில் இறையியல் படிக்கச் சேர்ந்தார். ஒப்பந்தத்திலிருந்து விடுபடுவதற்காகத் தன் பாடல்களின் ராயல்டியையும் விட்டுக்கொடுத்தார். அரை சென்ட்டும் போயிற்று. கம்பெனியோ கைவசம் இருந்த பதிவுகளைத் தொடர்ந்து வெளியிட்டு விற்றுக்கொண்டிருந்தது.

1960-களில் மீண்டும் மேடைக்கு வந்தார். 1962-இல் இங்கிலாந்திலும் ஹாம்பர்க்கிலும் அவருடன் ஒரே மேடை நிகழ்ச்சிகளில் பாடிய நான்கு இளைஞர்கள்தான் பீட்டில்ஸ். 1964-இல் 'லாங் டால் சாலி'யை அவர்களும் பதிவு செய்தார்கள். ரிச்சர்ட் 1984-இல் ஸ்பெஷால்டி, வெனிஸ் உள்ளிட்ட நிறுவனங்கள் மேல் 11.2 கோடி டாலர் கேட்டு வழக்குப் போட்டார். வழக்கு சமரசத்தில் முடிந்தது.

1986-இல் ராக் அண்ட் ரோல் புகழ் மண்டபத்தின் முதல் அணியில் இடம் கொடுத்தார்கள். ஆனால் போட்டிப் பிரிவில் ஒரு கிராமி விருதுகூட அவருக்குக் கிடைக்கவில்லை. 1988 கிராமி விழாவில் சிறந்த புதுமுகத்துக்கு விருது வழங்க அவரை அழைத்தபோது, உறையைப் பிரித்து வெற்றியாளர் தானே என்று அறிவித்துவிட்டு, இத்தனை ஆண்டில் தனக்கு எதுவும் தரவில்லையே என்று முகத்துக்கு நேராகவே கேட்டார். அரங்கம் எழுந்து நின்று கைதட்டியது. சிரிப்பாகச் சொன்னதுதான். ஆனால் 30 ஆண்டு நிலுவையைக் கேட்கும் குரல் அது. வாழ்நாள் சாதனை விருது 1993-இல் வந்தது. 2010-இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் 'டூட்டி ஃப்ரூட்டி'யைத் தேசிய ஒலிப்பதிவுக் கருவூலத்தில் சேர்த்தது. 2020 மே 9 அன்று தன் 87-ஆம் வயதில் காலமானார். தான் படித்த ஓக்வுட் வளாகத்திலேயே அடக்கம் செய்யப்பட்டார்.

பிள்ளைகளே, உங்களில் பலர் இன்று பாடுகிறீர்கள், எழுதுகிறீர்கள், குறும்படம் எடுக்கிறீர்கள், கம்ப்யூட்டர் கம்பெனிகளில் புதிது புதிதாக ஏதோ செய்கிறீர்கள். திறமை உங்களுடையது. அதைச் சந்தைக்குக் கொண்டுபோகிறவர் வேறொருவர். அவர் இல்லாமலும் நடக்காது. ரூப் இல்லாவிட்டால் அந்த இசைத்தட்டே நமக்குக் கிடைத்திருக்காது. ஆனால் இடையில் ஒரு காகிதம் வரும். கையெழுத்துப் போடுவதற்கு முன் இரண்டு கேள்வி கேளுங்கள். 'இது யார் பெயரில் இருக்கும்? வேறொருவர் இதைப் பயன்படுத்தினால் எனக்கு என்ன வரும்?' பதில் புரியவில்லை என்றால் ஒரு நாள் தவணை கேளுங்கள். தெரிந்த வக்கீலிடம் காட்டுங்கள். வாய்ப்பு ஒரு நாளில் ஓடிப்போய்விடாது. ஓடிப்போனால் அது நல்ல வாய்ப்பாக இருந்திருக்க வாய்ப்பில்லை.

அந்த இசைத்தட்டு இணையத்தில் எளிதாகக் கிடைக்கிறது. காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு முதல் பாட்டைப் போடுங்கள். பக்கத்து வீட்டுக்காரர் எட்டிப் பார்த்தால் நான் பொறுப்பல்ல! பிறகு பேட் பூன் பாடியதையும் கேளுங்கள். எந்தக் குரல் காதில் நிற்கிறது என்று கீழே எழுதுங்கள்.

அன்புடன்,
உங்கள் ஆசிரியர்